நமுனுகுல மலையின் கீழே வெள்ளைச் சுவர்

பதுளைப் பக்கம் வருகிறவர்கள் நமுனுகுல மலையைப் பார்த்து, ஒன்பது சிகரங்களையும் எண்ணி, படம் எடுத்துக்கொண்டு போவார்கள். அதன் காலடித் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, அங்கேயே கொழுந்து பறித்து, அங்கேயே வாழ்க்கைப்பட்ட பவுலினா அதை நிமிர்ந்தும் பார்க்க மாட்டாள். அவளுடைய பத்து வயதில் மண் சரிந்து, தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தின் கடைசி வீட்டை மூடியது. விளையாடப் போயிருந்த தங்கச்சியும் அதோடு போனாள். அன்றிலிருந்து மழை பிடித்தால் பவுலினாவுக்குச் சோறு இறங்காது.

மகள் ஜெசீகா மலைகளின் உயரத்தைச் சத்தம்போட்டுப் பாடமாக்குவாள்.

"அம்மா, நெருப்பு கக்குற மலை நம்ம நாட்டுல இல்லையாம்."

"நம்மளுக்கு நெருப்பு எதுக்கு? மண்ணே போதும்."

இந்த நவம்பர் மழையில் பின்சுவரில் விரல் நுழையும் அளவுக்கு வெடிப்பு விட்டது. டிசம்பர் பிறந்ததும் கிறிஸ்மஸுக்காக லயமே வெள்ளையடிக்கக் கிளம்பியது. பாலன் பிறக்கிற வீட்டில் வெடிப்பு இருக்கலாமா? பவுலினாவும் களிமண்ணைக் குழைத்து அடைத்து, மேலே சுண்ணாம்பு பூசினாள். வெடிப்பு கண்ணிலிருந்து மறைந்ததும் பயமும் கொஞ்சம் விட்டது. பைத்தியக்காரி, வேறென்ன சொல்ல?

மறுவாரம் வீடுகளைச் சோதிக்க ஓர் அதிகாரி வந்தார். ஆபத்தான வீடு என்று எழுதினால் அன்றைக்கே ஸ்கூல் கட்டடத்துக்கு மாற்றுவார்கள். அவர் பவுலினாவின் சுவரைத் தட்டிப் பார்த்தார்.

"நல்லாத்தானே இருக்கு."

"வெடிப்பு இருந்திச்சு சேர்!"

"எங்க, காட்டுங்க பாப்போம்."

அவள் பூசிய இடத்தைத் தடவினாள்; வெடிப்பு கைக்கே தட்டுப்படவில்லை. அவர் அடுத்த வீட்டுக்குத் திரும்பினார். தகரத்தில் மறுபடி மழை விழத் தொடங்கியது.

"போயிராதீங்க சேர்!"

மூலையில் கிடந்த அலவாங்குக் கம்பியை எடுத்து, தான் பூசிய சுவரையே ஓங்கிக் குத்தினாள். சுண்ணாம்பு பொலபொலவென்று கொட்டியது. அடைத்த களிமண் உள்ளே கரைந்து போயிருந்தது. விரல் நுழைந்த இடத்தில் இப்போது கை மணிக்கட்டு வரை போனது. வெளியே இழுத்தபோது விரல்களில் மலையின் ஈரமண் ஒட்டியிருந்தது.

அதிகாரி அவள் பெயரை எழுதினார். பிறகு வாசலில் நின்று லயத்தைப் பார்த்தார். பன்னிரண்டு வீடும் பளிச்சென்று இருந்தன.

"எல்லாருமே அடைச்சிட்டா பூசுனீங்க?"

பக்கத்து வீட்டு ஷிரோமி உள்ளே ஓடி மண்வெட்டியை எடுத்தாள். கொஞ்ச நேரத்தில் லயம் முழுக்கச் சுவர் இடிக்கிற சத்தம் கேட்டது.