மூட்டு இல்லை, முட்டு

குருநகரில் அந்த ஒரு ஒழுங்கையில் மட்டும் மூன்று றெஜினாக்கள் இருக்கிறார்கள். ஐஸ் கடைக்காரரின் மனைவி ஐஸ் றெஜினா. கோயிலில் பாட்டுப் படிப்பவள் பாட்டு றெஜினா. மூன்றாமவளுக்கு ஊர் வைத்த பெயர் சண்டை றெஜினா. அந்தப் பெயரை அவளுக்கு நேரே யாரும் சொன்னதில்லை. ஆனால் குழாயில் தண்ணீர் வராவிட்டாலும், ஒழுங்கை முகப்பில் லைற் எரியாவிட்டாலும், கடற்றொழிலாளர் சங்கத்தில் யாரையாவது நாளைக்கு வா என்று அலைக்கழித்தாலும் முதலில் தட்டப்படுவது அவளுடைய கதவுதான். தேவைப்படும்போது அவளுடைய கோபம் ஊருக்கு நல்ல சாமான். தேவை முடிந்ததும் அதற்கே வாய்க்கொழுப்பு என்று பெயர் வைத்துவிடுவார்கள்.

அவளுக்கு வேலை நண்டுக் கம்பனியில். அவித்த நண்டை உடைத்துச் சதை எடுக்கிற வேலை. கணவன் எமில்ராஜ் மீன் பிடிக்கக் கடலுக்குப் போகிறவன், வீட்டில் வாய் திறப்பது சாப்பிட மட்டும்தான். இருவரும் கத்தினால் வீடு தாங்காது என்று ஆரம்பத்திலேயே அந்த வேலையை மனைவியிடம் விட்டுவிட்டான். ஒரே மகள் ஷெரோனுக்குப் பதினாறு வயது. ஆயிரத்து ஐந்நூறு மீற்றர் ஓடுவாள். வலயப் போட்டியில் இரண்டாவதாக வந்து, மாகாணப் போட்டிக்குத் தெரிவாகியிருந்தாள். இனி மருத்துவப் படிவம் ஒன்றுதான் பாக்கி. வைத்தியர் பார்த்துக் கையெழுத்து வைத்து, வெள்ளிக்கிழமைக்குள் பாடசாலையிலிருந்து பெயர் போய்விட வேண்டும். போகாவிட்டால் இந்த வருடம் ஓட்டம் இல்லை.

படிவத்தில் பெற்றோர் நிரப்ப வேண்டிய பகுதியில் "முன்னர் இருந்த நோய்கள்" என்று ஒரு கோடு இருந்தது. றெஜினா வேலைக்குப் போகும் அவசரத்திலும் கதிரையை இழுத்துப்போட்டு இருந்து, தன் கையால் எழுதினாள். "சின்ன வயதில் முட்டு." மூச்சு முட்டி, நெஞ்சு இழுக்கிற வருத்தத்துக்கு யாழ்ப்பாணத்தில் வேறென்ன பெயர் சொல்வது? ஆஸ்துமா என்பது வைத்தியர்களின் சொல். ஒரு மாரிகாலத்தில் பிள்ளையின் உதடு நீலமாகி, ஓட்டோவில் மடியில் போட்டுக்கொண்டு பெரியாஸ்பத்திரிக்கு ஓடியபோது றெஜினாவின் வாயில் முட்டு என்ற சொல்தான் வந்தது. ஆறு வயதோடு அது விட்டுப்போய்விட்டது என்றுதான் அவள் நம்பியிருந்தாள். விட்டுப்போனதையும் எழுத வேண்டும் என்று படிவம் கேட்டது, எழுதினாள்.

புதன்கிழமை பாடசாலையின் முதலுதவி அறைக்கு ஓர் இளம் வைத்தியர் வந்திருந்தார். பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். விளையாட்டுக்குப் பொறுப்பான செல்வரட்ணம் ஆசிரியர் படிவங்களை ஒழுங்காக அடுக்கி, ஒவ்வொன்றாக நீட்டிக்கொண்டிருந்தார். றெஜினா அரைநாள் லீவு போட்டு வந்து மூலையில் இருந்தாள்.

ஷெரோனின் முறை வந்தது. வைத்தியர் அவளுடைய நெஞ்சில் ஒரு தரம் குழாயை வைத்தார், எடுத்தார். பிறகு குந்தி எழும்பச் சொன்னார். முழங்காலை மடக்கினார், நீட்டினார், கணுக்காலைத் திருகிப் பார்த்தார். மற்றப் பிள்ளைகளுக்கு இதொன்றும் இல்லை. தன் பிள்ளையின் காலோடு மட்டும் இந்த மனிதன் ஏன் மினக்கெடுகிறான் என்று றெஜினாவுக்கு விளங்கவில்லை.

"நோகுதோ?"

"இல்லை, டொக்டர்."

"அப்ப சரி." வைத்தியர் கையெழுத்து வைக்கப் பேனையை எடுத்தார்.

"டொக்டர், உவளின்ரை காலிலை என்ன?" என்று கேட்டாள் றெஜினா.

"மூட்டு வருத்தமெண்டு போட்டிருக்கு. அதுதான் பாத்தனான். பயப்பிட ஒண்டுமில்லை, நல்ல கால்."

"மூட்டு வருத்தமோ? ஆர் போட்டது?"

எழும்பிப் போய்ப் பார்த்தாள். அது அவள் எழுதிய படிவமே இல்லை. அவளுடைய சாய்ந்த எழுத்துக்குப் பதிலாக, கொப்பி எழுத்துப்போல உருண்டையான எழுத்து. "சிறு வயதில் மூட்டு வருத்தம்." மு என்ற எழுத்துக்கு ஒரு சுழி போட்டு மூ ஆக்கி, நெஞ்சில் இருந்த வருத்தத்தை முழங்காலுக்கு இறக்கியிருந்தார்கள்.

"நான்தான் எழுதினனான், அம்மா," என்றார் செல்வரட்ணம் ஆசிரியர். குரலில் ஒரு பதற்றமும் இல்லை. "நீங்கள் தந்த ஃபோமிலை நண்டுத் தண்ணியோ என்னவோ பட்டு மணத்தது. அதுதான் வேறை ஒண்டிலை துப்பரவாய் எழுதிப்போட்டன்."

துப்பரவாய். அந்த ஒரு சொல் போதும். றெஜினாவுக்கு உச்சந்தலை சூடேறியது. சோப் போட்டுத் தேய்த்தும் போகாத நண்டு மணம் தன் கையில் இருக்கிறது என்று அவளுக்குத் தெரியாதா? அந்தக் கையால் எழுதியதால் எழுத்துமா அழுக்காகிவிட்டது?

"துப்பரவாய் எழுதினது சரி, சேர். நான் எழுதாத வருத்தத்தை ஏன் எழுதினியள்?"

"முட்டெண்டு வீட்டிலை கதைக்கிறது. ஃபோமிலை ஆரும் அப்பிடி எழுதுவினமோ? உங்களுக்குச் சுழி விட்டுப்போச்செண்டு நினைச்சன்."

"எனக்கு எழுதத் தெரியாதெண்டு நினைச்சியள்."

"அப்பிடிச் சொல்லேல்லை."

"வேறை எப்பிடிச் சொல்லுறது?"

வரிசையில் நின்ற பிள்ளைகள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். ஷெரோன் நிலத்தைப் பார்த்தாள். ஆசிரியர் றெஜினாவை யன்னல் பக்கம் கூட்டிப்போய், குரலைத் தாழ்த்தினார்.

"அம்மா, பிழை என்ரைதான். ஆனால் உந்தப் பிழை பிள்ளைக்கு நல்லது. மூட்டெண்டால் டொக்டர் இப்பவே கையெழுத்து வைப்பார். முட்டெண்டு மாத்தினால் நெஞ்சுக் கிளினிக்குக்கு அனுப்புவார். அங்கை போய் வெள்ளிக்கிடையிலை வாறது நிச்சயமில்லை. வந்தாலும் ஓடவேண்டாமெண்டு எழுதினால் எல்லாம் முடிஞ்சுது. இப்ப இல்லாத வருத்தத்தை ஏன் நாங்கள் இழுத்துக்கொண்டு வாறது?"

"அம்மா, விடுங்கோவன்," என்றாள் ஷெரோன். அவளுடைய கண் கலங்கியிருந்தது.

விட்டிருக்கலாம். வேறு எந்தத் தாயும் விட்டிருப்பாள். றெஜினா விடாததற்குப் பிள்ளையின் நெஞ்சு காரணம் என்று சொன்னால் அது பொய். பிள்ளையின் நெஞ்சைப் பற்றி அந்த நேரம் அவள் நினைக்கவேயில்லை. தன் எழுத்தைத் திருத்திவிட்டு, திருத்தியதை நன்மை என்றும் சொல்லிக்கொண்டு ஒருவர் முன்னால் நிற்கிறார், அதற்குத் தான் தலையாட்ட வேண்டுமா என்ற ஆத்திரம்தான். நேராக மேசைக்குப் போனாள். வைத்தியரின் கையிலிருந்து பேனையைக் கேட்டு வாங்கினாள். 'மூட்டு வருத்தம்' என்பதை ஒரு கோட்டால் வெட்டி, மேலே 'முட்டு' என்று தன் சாய்ந்த எழுத்தில் எழுதி, பக்கத்தில் கையெழுத்தும் வைத்தாள். பேனையைத் திருப்பிக் கொடுத்தாள்.

வைத்தியர் பெருமூச்சு விட்டார். "அப்ப நான் இதிலை கையெழுத்து வைக்கேலாது. நெஞ்சுக் கிளினிக்கிலை காட்டி, அவையை எழுதச் சொல்லுங்கோ."

அன்று வீட்டில் ஷெரோன் சாப்பிடவில்லை. தாய் கோப்பையைக் கொண்டுபோய் முன்னால் வைத்தபோது, நிமிர்ந்து பார்த்தாள்.

"உங்களுக்குச் சண்டை பிடிக்க ஒரு இடம் வேணும். இந்தமுறை என்ரை ஓட்டம்தான் கிடைச்சுது."

றெஜினாவுக்கு இப்படி ஒரு சொல்லை இதுவரை யாரும் சொன்னதில்லை. ஊரே பின்னால் சொல்வதை மகள் முன்னால் சொல்லிவிட்டாள். பதிலுக்கு அவள் மகளைத் திட்டினாள், ஆசிரியரைத் திட்டினாள், படிவத்தைக் கண்டுபிடித்தவனைத் திட்டினாள். "அவள் சொல்லுறதிலையும் ஞாயம் கிடக்கு" என்று எமில்ராஜ் மெல்ல வாயைத் திறந்தபோது, "நீங்கள் சாப்பிடுங்கோ" என்று அவனையும் அடக்கினாள். ஆனால் படுத்த பிறகும் அந்தச் சொல் முள்ளுப்போலத் தைத்துக்கொண்டே இருந்தது.

மறுநாள் கம்பனிக்கு லீவு சொல்லிவிட்டு, விடியவே கிளினிக்கில் போய் இருந்தார்கள். தாயும் மகளும் ஒரே வாங்கில், நடுவில் இன்னொரு ஆள் இருக்கக்கூடிய இடம் விட்டு இருந்தார்கள். பெயர் கூப்பிட்டபோது உள்ளே ஒரு பெண் வைத்தியர். வெட்டித் திருத்திய வரியை வாசித்துவிட்டு அவர் சிரித்தார். றெஜினாவுக்கு அந்தச் சிரிப்பும் பிடிக்கவில்லை.

"இப்ப முட்டு வாறதோ?"

"ஆறு வயதோடை நிண்டிட்டுது, டொக்டர்," என்றாள் றெஜினா. "பள்ளிக்கூடத்திலை பிழையாய் எழுதினதாலைதான் இந்த அலைச்சல்."

வைத்தியர் ஷெரோனின் நெஞ்சில் குழாய் வைத்துக் கேட்டார். தலையாட்டினார். பிறகு, "நீர் ஓடுறனீர்தானே. உந்தப் படியாலை மேலை ஓடி இறங்கி வாரும், நான் போதுமெண்டு சொல்லுமட்டும்," என்றார்.

ஷெரோன் ஓடினாள். ஏறினாள், இறங்கினாள், மீண்டும் ஏறினாள். மாகாணத்துக்கு ஓடுகிற பிள்ளைக்கு மாடிப்படி என்ன பெரிது என்று றெஜினா பெருமையோடு பார்த்துக்கொண்டிருந்தாள். வந்து நின்றபோது வைத்தியர் மறுபடியும் குழாயை வைத்தார். இம்முறை நெடுநேரம் கேட்டார். பிறகு குழாயைக் கழற்றி றெஜினாவின் காதில் மாட்டிவிட்டார்.

உள்ளே பூனைக்குட்டி முனகுவதுபோல ஒரு சத்தம். பத்து வருடம் கேட்காத சத்தம். ஆனால் முதல் மூச்சிலேயே அடையாளம் தெரிந்தது. ஓட்டோவில் மடியில் கிடந்த பிள்ளையின் நெஞ்சிலும் இதே சத்தம்தான் இருந்தது.

"எப்ப தொடக்கம்?" என்று மகளைக் கேட்டாள்.

"போன மாரி தொடக்கம்."

"எனக்கு ஏன் சொல்லேல்லை?"

"சொன்னால் ஓட விடமாட்டியள். சேருக்கும் சொல்லேல்லை. ஓடி முடிஞ்சாப்போலை மலசலகூடத்துக்குப் பின்னாலை போய் நிப்பன். கொஞ்சத்தாலை சரியாகும்."

மலசலகூடத்துக்குப் பின்னால், தன்னந்தனியாக, மூச்சுக்கு வாயைத் திறந்துகொண்டு. நேற்று அவள் விட்டுக்கொடுத்திருந்தால், இந்தப் பிள்ளை நல்ல கால் என்று கையெழுத்து வாங்கிக்கொண்டு போய் மாகாண மைதானத்தில் ஓடியிருக்கும். றெஜினாவுக்கு வந்த கோபம் இதுவரை வந்த கோபங்களைப்போல இல்லை. யாரைத் திட்டுவது என்று அதற்குத் தெரியவில்லை. பிள்ளையை ஓங்கி அறைய வேண்டும் போலவும் இருந்தது, இழுத்து அணைக்க வேண்டும் போலவும் இருந்தது. இரண்டையும் செய்யாமல் கதிரையின் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

"அப்ப ஓடேலாதோ, டொக்டர்?" கேட்டது ஷெரோன் இல்லை, றெஜினாதான்.

"ஆர் சொன்னது? முட்டோடை ஓடுறவை எத்தினை பேர். மறைச்சு ஓடுறதுதான் பிழை. ஓட முதல் மருந்துப் பம்ப் அடிக்க வேணும். ஓடேக்கை பம்போடை ஒராள் கிட்ட நிக்க வேணும்." அதை அப்படியே படிவத்தில் எழுதி, கையெழுத்து வைத்தார். பம்புக்கும் துண்டு எழுதினார். அதை வாயில் வைத்து எப்படி அடிப்பது என்று இருவருக்கும் காட்டிக்கொடுத்தார்.

வெள்ளிக்கிழமை காலை றெஜினா படிவத்தைக் கொண்டுபோய்ச் செல்வரட்ணம் ஆசிரியரின் மேசையில் வைத்தாள். அவர் அதை வாசித்தார். மறுபடியும் வாசித்தார். வாயைத் திறந்து ஏதோ சொல்ல வந்தார்.

"உதைத் துப்பரவாய் எழுதிப்போடாதையுங்கோ, சேர்," என்றாள் றெஜினா. "உப்பிடியே அனுப்புங்கோ."

மாகாணப் போட்டியன்று மைதானத்தில் கயிறு கட்டி, பெற்றோரை வெளியே நிறுத்தியிருந்தார்கள். றெஜினா கயிற்றுக்குள் புகுந்துபோய், ஓட்டம் முடிகிற கோட்டுக்குப் பக்கத்தில் நின்றாள். ஓர் இளம் உத்தியோகத்தர் வந்து வெளியே போகச் சொன்னபோது, படிவத்தின் பிரதியைக் கைப்பையிலிருந்து எடுத்து அவருடைய முகத்துக்கு நேரே பிடித்தாள்.

"வாசியுங்கோ. பம்போடை ஒராள் கிட்ட நிக்க வேணுமாம். அந்த ஆள் நான்."

அவர் வாசித்துவிட்டு, தலையைச் சொறிந்துகொண்டு பெரியவர்களைக் கேட்கப் போனார்.

ஷெரோன் மூன்றாவதாக வந்தாள். கோட்டைத் தாண்டியதும் குனிந்து, இரண்டு கையையும் முழங்காலில் ஊன்றிக்கொண்டு நின்றாள். பார்த்தவர்களுக்கு அது களைப்பு. றெஜினா மகளின் தோள் ஏறி இறங்குகிற விதத்தைத்தான் பார்த்தாள். பிள்ளை தலையை நிமிர்த்தி மைதானத்தின் பின்பக்கத்தை, மலசலகூடம் இருக்கிற திசையைப் பார்த்தாள். ஒரு கணம் அங்கேயே நின்றாள். பிறகு திரும்பி, அத்தனை பேருக்கும் முன்னால், தன்னோடு ஓடிய பிள்ளைகளைக் கடந்து, தாயை நோக்கி நடந்து வந்து கையை நீட்டினாள்.

"தாங்கோ, அம்மா."

றெஜினா பம்பைக் குலுக்கிக் கொடுத்தாள். மகளின் முதுகில் கையை வைத்துக்கொண்டாள். அந்த நேரம் பார்த்து அந்த உத்தியோகத்தர் இன்னும் இரண்டு பேரோடு திரும்பி வந்து, பெற்றோர் உள்ளே வரவே கூடாது, இது சட்டம் என்று தொடங்கினார்.

"கொஞ்சம் பொறுங்கோ, தம்பி," என்றாள் சண்டை றெஜினா, மகளின் முதுகிலிருந்து கையை எடுக்காமல். "பிள்ளை மூச்சு விடட்டும். பேந்து சண்டை பிடிப்பம்."