அம்மாவின் வலது காதுக்குள் சில கற்கள்

1. ஒரு செவ்வாய்க்கிழமை விடியுமுன் அம்மா படுக்கையில் வலப்பக்கம் புரண்டாள். வீடு சுற்றியது.
2. "எல்லாம் சுத்துதுங்க" என்று அவள் சொன்னதும் அப்பா எழுந்துபோய் மின்விசிறியை நிறுத்தினார்.
3. கொஞ்ச நேரத்தில் சுற்றல் தானாக நின்றது. பெருமை அப்பாவுக்குப் போனது.
4. மறுநாளும் சுற்றியது. அன்று மின்விசிறி ஓடவே இல்லை.
5. மாமா, அதாவது அம்மாவின் தம்பி, அகரத்திலிருந்து வந்து அம்மாவின் ஸ்கூட்டர் சாவியை எடுத்துத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.
6. அம்மாவின் கழுத்தில் ஒரு பட்டை ஏறியது.
7. அம்மாவின் வயலை மாமாவுக்குக் குத்தகைக்கு விட நாள் குறிக்கப்பட்டது.

ஒரு பெண் படுக்கையில் புரண்டதற்கும் அவளுடைய வயல் கைமாறுவதற்கும் நடுவில் இவ்வளவுதான் இடைவெளி. எல்லாம் இரண்டு வாரத்துக்குள் நடந்தது.

வயல் என்றால் பெரிதாக நினைக்க வேண்டாம். அகரத்தில் அரை ஏக்கர், சம்பங்கி. கல்யாணத்தின்போது அம்மாவுக்குப் பிறந்த வீட்டில் கொடுத்தது. நாங்கள் இருப்பது நாகல் நகரில். தினமும் விடியுமுன் அம்மா ஸ்கூட்டரில் அகரம் போவாள், இரண்டு பெண்களோடு சேர்ந்து பூ எடுப்பாள், மூட்டையைக் கால் வைக்கும் இடத்தில் நிறுத்திப் பூ மார்க்கெட்டில் போட்டுவிட்டு, அப்பா இரண்டாவது காப்பி கேட்கும்போது அடுப்படியில் நிற்பாள். அரசாங்க எழுத்தராக இருந்து ஓய்வு பெற்ற அப்பாவுக்கு இன்றுவரை முதல் காப்பியைப் போட்டது யார் என்ற கேள்வி வந்ததில்லை. நான்தான். அதன் பிறகுதான் நான் வடமதுரைப் பக்கம் இருக்கும் நூற்பாலைக்கு வேலைக்குக் கிளம்புவேன். இயந்திரப் பராமரிப்புப் பிரிவு.

அம்மாவுக்கு ஏன் சுற்றுகிறது என்பது எங்கள் தெருவில் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. அம்மாவைத் தவிர.

"நாளெல்லாம் குனிஞ்சு போனைப் பாத்தா கழுத்து என்னத்துக்கு ஆகும்" என்றார் அப்பா.

"வெயிலு. வெயில்ல வண்டி ஓட்டுறது" என்றார் மாமா. விடியுமுன் அடிக்கும் வெயில் எது என்று யாரும் கேட்கவில்லை.

"வெறும் வயித்துல காப்பி, மதினி. அம்புட்டும் பித்தம்" என்றாள் மாமாவின் மனைவி, என் அத்தை. அவள் கையில் ஒரு பை எலுமிச்சை.

எதிர்வீட்டு டீச்சர் மாதா கோயிலிலிருந்து மந்திரித்த எண்ணெய் கொண்டுவந்து அம்மாவின் நெற்றியில் தடவினார். தடவிக்கொண்டே, எங்கள் வாசல் கேட்டுக்கு அடித்த கிளிப்பச்சை வண்ணம் ஊர்க் கண்ணையெல்லாம் இழுக்கிறது என்றார். "ஜெபம் பண்றேன். நீங்க கேட்டுக்கு வேற பெயிண்ட் அடிங்க."

நானும் சும்மா இருக்கவில்லை. காலையில் சாப்பிடுவதில்லை, தண்ணீர் குடிப்பதில்லை, அதனால்தான் என்று சொல்லி, ஒரு லிட்டர் பாட்டில் வாங்கி வந்து அம்மாவின் தலைமாட்டில் வைத்தேன். நான்கு வருடமாக நான் சொல்லிக்கொண்டிருந்த புகார் அது. நோய் வந்ததும் அதற்குச் சான்று கிடைத்துவிட்டது.

பிறகுதான் கவனித்தேன். ஒருவர்கூடத் தனக்குப் பிடித்த ஒன்றைக் காரணமாகச் சொல்லவில்லை. அப்பாவுக்குப் போன் பிடிக்காது. அத்தைக்கு அம்மா போடும் காப்பி பிடிக்காது, ஏனென்றால் மாமாவுக்கு அது பிடிக்கும். டீச்சருக்குக் கிளிப்பச்சை முதல் நாளிலிருந்தே ஆகாது. மாமாவுக்கு அக்கா தனியாக வயல் வைத்திருப்பது பிடிக்காது. நோய் என்று ஒன்று வந்தால் எங்கள் வீட்டில் பழைய வழக்குகள் எல்லாம் ஒரே நாளில் விசாரணைக்கு வந்துவிடும்.

டவுனில் ஒரு டாக்டர் கழுத்துக்கு எக்ஸ்ரே எடுத்துப் பார்த்து, எலும்புத் தேய்மானம் என்றார். ஐம்பது தாண்டிய எந்தக் கழுத்தை எடுத்தாலும் கொஞ்சம் தேய்மானம் தெரியத்தான் செய்யும். தூக்கம் வரவழைக்கும் மாத்திரையும் கழுத்துப் பட்டையும் கொடுத்தார். அப்பாவுக்கு அந்தப் பட்டைமேல் பெரிய நம்பிக்கை. போன் பற்றிய அவருடைய கட்சிக்கு அது சாட்சி அல்லவா. பட்டை மாட்டிய அம்மாவால் அடுப்பில் என்ன தீய்கிறது என்று குனிந்து பார்க்க முடியவில்லை. சுற்றல் மட்டும் குறையவில்லை. படுத்தால் வருகிறது என்று பயந்து, சுவரில் சாய்ந்து உட்கார்ந்தபடியே தூங்கப் பழகினாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை மாமா வந்தார்.

"அக்கா, நான் என்ன வேத்தாளா? நீ ஒக்காந்து தூங்குறப்ப பூவு யாரு எடுக்கிறா? நான்தானே. மூணு வருசக் குத்தகையாப் பேசிட்டா உனக்கும் நிம்மதி, எனக்கும் ஒரு பிடிமானம். வெள்ளிக்கெழம வெத்தல பாக்கு மாத்திக்குவம்."

அம்மா வேண்டாம் என்று தலையாட்டப் பார்த்தாள். பட்டை விடவில்லை. மாமா அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டார். அப்பாவும், "அவன் சொல்றது சரிதான்" என்றார்.

மாமா போனதும் அம்மா என்னைக் கூப்பிட்டாள். "அந்த வயலு போச்சுன்னா, நான் இந்த வீட்டுல குக்கர் விசில எண்ணிக்கிட்டு ஒக்காந்திருக்கணும்டி. ஒங்கப்பாவுக்கு எதுத்தாப்புல. நாளு முழுக்க."

அந்தக் கடைசி இரண்டு வார்த்தைகள்தான் என்னை உலுக்கின.

எங்கள் ஆலையில் நூல் திரிக்கும் இயந்திரத்தில் நூலேறும் ஒவ்வொரு ஸ்பிண்டில் தண்டைச் சுற்றியும் ஒரு உலோக வளையம் இருக்கும். அந்த வளையத்தின்மேல் சின்னக் கம்பிக் கொக்கி ஒன்று ஓடிக்கொண்டே இருக்கும். அரிசியைப் போல ஒன்று. டிராவலர் என்போம். அது தேய்ந்தால் அந்த ஸ்பிண்டிலின் நூல் ரோமம் விடும், அறுந்துபோகும். நூல் கெட்டது தெரிந்ததும் மேலாளர் பஞ்சைத் திட்டுவார். பஞ்சு வாங்கியவர் ஈரப்பதத்தைத் திட்டுவார். சூப்பர்வைசர் முந்தைய ஷிப்டைத் திட்டுவார். கொக்கியை யாரும் திட்டுவதில்லை. அதற்கு எதிரிகள் கிடையாது. அதனாலேயே அது கடைசியில்தான் அகப்படும்.

ஆலையில் இப்படிப்பட்ட இடத்தில் நான் என் அபிப்பிராயத்தைக் கீழே வைத்துவிட்டு, எங்கே, எப்போது, எவ்வளவு நேரம் என்று கேட்பேன். பெற்ற தாயிடம் மட்டும் அதைக் கேட்காமல் தண்ணீர் பாட்டில் வாங்கிக் கொடுத்திருக்கிறேன். கேட்டேன்.

"நிக்கிறப்ப சுத்துதா?"

"இல்ல."

"வண்டியில?"

"ஒரு நா கூட இல்ல. அத யாரு கேட்டா?"

"படுக்கிறப்ப?"

"வலது பக்கம் திரும்புனா மட்டும். பரண் மேல டப்பா எடுக்க அண்ணாந்தாலும் வரும். ஒரு நிமிசங்கூட இருக்காது. எடது பக்கம் ஒண்ணுமில்ல."

காப்பிக்கு வலது இடது தெரியாது. வெயிலுக்கும் தெரியாது. கிளிப்பச்சைக்கும் தெரியாது. வியாழக்கிழமை விடுப்புப் போட்டு அம்மாவைக் காது டாக்டரிடம் கூட்டிப்போனேன்.

டாக்டர் என் வயதுக்காரி மாதிரி இருந்தார். முதல் வேலையாகப் பட்டையைக் கழற்றி நாற்காலியில் போட்டார். அம்மாவைக் கட்டிலில் கால் நீட்டி உட்காரவைத்து, தலையை வலப்பக்கம் திருப்பி, கட்டில் விளிம்புக்கு வெளியே தலை தொங்கும்படி சட்டென்று சாய்த்தார். "கண்ண மூடாதீங்கம்மா."

அம்மாவின் கருவிழிகள் துடித்தன. ஒரு பக்கம் மெதுவாக நகர்ந்து, வெட்டி இழுத்ததுபோல் திரும்பி, மறுபடி நகர்ந்தன. அம்மா என் கையை நசுக்கினாள். டாக்டரோ, "வந்திருச்சு" என்றார், போன கரண்ட் வந்ததுபோன்ற சந்தோஷத்தோடு.

துடிப்பு அடங்கும்வரை அப்படியே வைத்திருந்தார். பிறகு தலையை இடப்பக்கம் திருப்பிக் காத்திருந்தார். பிறகு உடம்போடு இடப்பக்கம் உருட்டி, முகம் தரையைப் பார்க்கும்படி செய்து காத்திருந்தார். பிறகு எழுப்பி உட்காரவைத்தார். "அவ்வளவுதான்" என்றார்.

காதின் உட்புறத்தில் ஒரு பசைத் திட்டு உண்டாம். அதன்மேல் மணலைவிடச் சின்னதாகச் சுண்ணாம்புக் கற்கள். எது மேல், எது கீழ் என்று நமக்குச் சொல்வது அவற்றின் எடைதான். பக்கத்திலேயே அரைவட்டமாக வளைந்த மூன்று குழாய்கள், உள்ளே நீர். தலை திரும்பினால் அந்த நீர் கொஞ்சம் பின்தங்கும். அதை வைத்து, திரும்புகிறோம் என்று மூளை புரிந்துகொள்ளும். அம்மாவுக்குச் சில கற்கள் உதிர்ந்து குழாய்க்குள் போய்விட்டன. படுத்ததும் அவை உருண்டு நீரைத் தள்ளுகின்றன. தலை நின்றுவிட்டது, நீர் நிற்கவில்லை. மூளை தலையை நம்பாமல் நீரை நம்புகிறது. தலையை முறைப்படி திருப்பினால் கற்கள் உருண்டு குழாயைவிட்டு வெளியே வந்துவிடும்.

வெற்றிலையில் தடவும் சுண்ணாம்புக்கு உறவுமுறையான ஏதோ தூள். அது இடம் மாறியதில் ஒரு சம்பங்கித் தோட்டமே கைமாறப் பார்த்தது.

"ஊசி?" என்றாள் அம்மா.

"வேணாம்மா."

"ஒரு சத்து மாத்திரையாச்சும் எழுதுங்க டாக்டர். வீட்டுல காட்டணும்ல."

டாக்டர் சிரித்தார். எழுதவில்லை. சிலருக்கு ஒரே தடவையில் முழுதாகச் சரியாகாது, மிச்சம் இருந்தால் இதையே வீட்டில் செய்யலாம் என்று அம்மாவுக்கு ஒவ்வொரு திருப்பமாகச் சொல்லிக் கொடுத்தார். புதுப் பலகாரத்துக்குப் பக்குவம் கேட்பதுபோல் அம்மா கேட்டுக்கொண்டாள். "ஒரு வாரம் கழிச்சு வாங்க. அதுவரைக்கும் வண்டி ஓட்ட வேணாம்."

வீட்டில் அப்பா காத்திருந்தார்.

"ஊசி போட்டாகளா?"

"இல்லப்பா."

"மாத்திரை?"

"இல்ல."

"ஸ்கேன் எடுக்கச் சொன்னாகளா?"

"இல்ல."

"பின்ன என்னதான் பண்ணாக?"

"அம்மாவோட தலையத் திருப்புனாங்க."

"அத நான் பண்ணியிருக்க மாட்டனா? பட்டைய எங்க?"

டாக்டரின் நாற்காலியில் இருந்தது. அதற்காக அப்பா அன்று இரவுச் சாப்பாட்டில் எங்கள் இருவரோடும் பேசவில்லை. ஊசியும் மாத்திரையும் இல்லாத குணத்தை எங்கள் வீட்டில் யாரும் குணம் என்று ஏற்பதில்லை. மாமாவுக்கு நான் போனில் சொன்னபோதும், "சரி சரி, நல்லதாப் போச்சு. நாளைக்கு வாரோம்" என்றார்.

வந்தார்கள். தட்டில் வெற்றிலை, பாக்கு, பழம், தேங்காய். அத்தை பட்டுச்சேலை கட்டியிருந்தாள். அப்பா நாற்காலியை நடுக்கூடத்துக்கு இழுத்துப் போட்டுக்கொண்டார். அம்மா கூடத்துக் கட்டிலில் போய் நீளவாட்டில் கால் நீட்டி உட்கார்ந்தாள்.

"எல்லாரும் நல்லாப் பாத்துக்கங்க. படுத்தாத்தானே சுத்துது? இப்பப் படுக்கிறேன்."

தலையை வலப்பக்கம் திருப்பி, விளிம்பைத் தாண்டித் தொங்கும்படி சட்டென்று சாய்ந்தாள். நான் கட்டிலின் தலைமாட்டில் நின்றிருந்தேன். அம்மாவின் கருவிழிகள் துடித்தன. நேற்றைவிடக் குறைவு, ஆனால் துடித்தன. கட்டில் சட்டத்தைப் பிடித்த விரல்கள் வெளுத்தன. கண்ணில் என்ன பார்க்க வேண்டும் என்று அந்தக் கூடத்தில் வேறு யாருக்கும் தெரியாது.

"என்னக்கா, சுத்துதா?" என்றார் மாமா.

"செத்த நேரம் சும்மா இருடா. இங்கிட்டு அம்புட்டு ஒட்டடை தொங்குது, பாத்துக்கிட்டு இருக்கேன்."

துடிப்பு அடங்கியது. அம்மா தலையை மெதுவாக இடப்பக்கம், அப்பாவை நோக்கித் திருப்பினாள். "இந்தப் பக்கமும் ஒட்டடை. வீட்டுலயே இருக்கிற மனுசன் ஒரு நா அண்ணாந்து பாத்தா என்னவாம்?" அப்பா அண்ணாந்து பார்த்தார். அத்தையும் பார்த்தாள். அம்மா அப்படியே கிடந்தாள். பிறகு உடம்போடு இடப்பக்கம் உருண்டு, முகத்தைத் தரைக்குக் கொண்டுவந்தாள். "கட்டிலுக்குக் கீழ என்னடி கெடக்கு? இட்லித் துணியா அது? போன மாசம் பூரா அதத்தானே தேடுனேன்."

எனக்கு அப்போதுதான் உறைத்தது. வீட்டைச் சோதனை போடுவதுபோல் ஒரு திருப்பம்கூட விடாமல் அம்மா தனக்குத்தானே வைத்தியம் செய்துகொண்டிருந்தாள். நான் குனிந்து இட்லித் துணியை எடுத்தேன். ஏதாவது செய்யாவிட்டால் சிரித்திருப்பேன்.

அம்மா மெல்ல எழுந்து உட்கார்ந்தாள். தலைமுடியை அள்ளிக் கொண்டை போட்டாள்.

"சாவியக் குடு."

"இன்னைக்குச் சுத்தல, சரி. நாளைக்குச் சுத்துனா?" என்றார் மாமா.

"நாளைக்குச் சுத்துனா நாளைக்குப் பாத்துக்கிறேன். குத்தகை வேணாம்டா. வேணும்னா பூ எடுக்க வா, கூலி தாரேன்."

"வெத்தலயெல்லாம் வாங்கிட்டு வந்துட்டனேக்கா."

"வச்சிட்டுப் போ. சாப்பிட்டுட்டு நாங்க போட்டுக்கிறோம்."

மாமா அப்பாவைப் பார்த்தார். அப்பா இன்னும் ஒட்டடையைப் பார்த்துக்கொண்டிருந்தார். சாவி சட்டைப் பையிலிருந்து வெளியே வந்தது. அம்மா கை நீட்டுமுன் நான் வாங்கிக்கொண்டேன்.

"ஒரு வாரம். டாக்டர் சொன்னது."

"நீ யாரு பக்கம்டி?"

"டாக்டர் பக்கம்."

அவர்கள் போன பிறகு அடுப்படியில் கேட்டேன். "சுத்துச்சுல்ல?"

"மொதல்ல லேசா."

"சொல்லலையே?"

"சொல்லியிருந்தா வயலு போயிருக்கும்ல" என்று சொல்லிவிட்டு இட்லித் துணியை ஊறப்போட்டாள்.

அடுத்த வாரம் டாக்டர் மறுபடி சாய்த்துப் பார்த்தார். கருவிழிகள் அசையாமல் நின்றன. சாவியைக் கொடுத்துவிட்டேன். அதற்குப் பிறகு ஒருமுறை சுற்றல் திரும்ப வந்தது; அம்மா கட்டிலிலேயே சரிசெய்துகொண்டு, அன்று மட்டும் அந்த இரண்டு பெண்களையும் போனில் கூப்பிட்டுப் பூ எடுக்கச் சொன்னாள். கற்கள் இன்னும் உதிரலாம் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். வயல் அம்மாவிடம் இருக்கிறது. குத்தகைப் பேச்சு இல்லை. மாமா முகூர்த்த நாட்களில் பூ எடுக்க வருகிறார், கூலி வாங்கிக்கொள்கிறார்.