படத்துக்கு ஆகாத புருஷன்

டோங்காவின் லிஃபூக்கா தீவில் லோசேலியின் வாய்க்குப் பயப்படாதவர் ஒரே ஒருவர்தான்: பாதிரியார். அவருக்குக் காது மந்தம்.

பேசாத படங்கள் ஓடிய காலம் அது. தீவு மக்களின் அன்றாட வாழ்க்கையைப் படம் பிடிக்கிறேன் என்று ஒரு வெள்ளைக்காரன் வந்து இறங்கினான். வெளிச்சம் போதவில்லை என்று லோசேலி வீட்டுக் கூரையில் பாதியைப் பிரித்துப் போட்டான். ஊர்த்தலைவர் சொல்லிவிட்டாரே என்று அவளும் பல்லைக் கடித்துக்கொண்டு சேப்பங்கிழங்கு சீவினாள். அவள் புருஷன் சேமிசிக்குத் தொந்தி, படத்துக்கு ஆகாதாம். வெள்ளைக்காரனே கட்டுமஸ்தான ஓர் ஆளைப் பிடித்துவந்து புருஷனாக அவள் பக்கத்தில் உட்காரவைத்தான். வந்தவன் பௌலியாசி, அவள் கூடப்பிறந்த தம்பி.

வயசுக்கு வந்தபின் அக்காவும் தம்பியும் ஒரே கூரையின்கீழ் உட்காருவது அங்கே கிடையாது. பாதிக் கூரைதான் இல்லையே, இது வீட்டுக்குள் உட்கார்ந்ததாக ஆகாது என்று பௌலியாசி சமாதானம் சொல்லிக்கொண்டே வந்து உட்கார்ந்தான்.

“கூரையைப் பிச்சுட்டா வீடு இல்லேன்னு ஆயிடுமாடா? எந்திரி. வெளிய போ!”

அக்கா சொல்லைத் தட்டும் வழக்கமும் அங்கே கிடையாது. தம்பி தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு போனான்.

வெள்ளைக்காரனுக்கு மொழிபெயர்த்துச் சொல்ல வந்த சிமோத்தே கெஞ்சினான். “அக்கா, சும்மா படம்தானே. பேச்சே கேக்காது. நீங்க யாருன்னு அந்த ஊர்ல எவனுக்குத் தெரியும்?”

“எனக்குத் தெரியுமில்ல? பேச்சு கேக்காட்டி என்ன, மூஞ்சி தெரியுதுல்ல!”

வெள்ளைக்காரன் அவ்வளவு நேரமும் படப்பெட்டியின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்ததை அவள் கவனிக்கவில்லை.

மறுவருஷம் அவன் திரும்பி வந்து, மிஷன் கொட்டகையில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டினான். ஊரே திரண்டது. அக்கா உள்ளே இருந்ததால் பௌலியாசி வெளியே மரத்தடியில் நின்றுகொண்டான். துணியில் லோசேலி கையை நீட்டிக் கத்துகிறாள்; தம்பி எழுந்து போகிறான். அடுத்து எழுத்து வந்தது. அதைப் படித்துச் சொல்லவேண்டிய சிமோத்தே, லோசேலி பக்கம் திரும்பாமல் படித்தான்.

“பொண்டாட்டி விரட்டுறா... புருஷன் தோட்டத்துக்குக் கிளம்புறான்.”

லோசேலிக்கு அவமானத்தில் உடம்பெல்லாம் எரிந்தது. எழுந்து நேராகப் போய்த் துணிக்கு முன்னால் நின்றாள். அவள் நிழல் பாதிப் படத்தை விழுங்கியது.

“உக்காரச் சொல்றாரு, அக்கா!” என்றான் சிமோத்தே, வெள்ளைக்காரனைக் காட்டி.

“படத்துல என் பேச்சை விழுங்கிட்டான். இங்க விழுங்கச் சொல்லு பாப்போம்! அவன் என் தம்பி! அப்படின்னு எழுதிப் போடட்டும், உக்காருறேன்.”

வெள்ளைக்காரன் இயந்திரத்தை நிறுத்தவில்லை. அவளும் நகரவில்லை. அப்போது பின்வரிசையிலிருந்து சேமிசி எழுந்து வந்து, மனைவி பக்கத்தில் நிமிர்ந்து நின்றான். மீதிப் படத்தை அவன் தொந்தி மறைத்தது.