ஏழு பேருக்கு ஒரு பின்மண்டை

மெழுகு வாங்கக் கல்யாணுக்குப் போகும் நாட்களில், பம்பாய் சயானில் ரயில் ஏறி உட்கார்ந்ததுமே அய்யாத்துரையின் கட்டைவிரல்கள் மடியில் மெல்ல அசையத் தொடங்கிவிடும். கண் பாதி மூடியிருக்கும். எதிரே தூங்கி வழியும் குமாஸ்தாவின் நெற்றி, மூக்கு, தாடை எல்லாம் ஒவ்வொன்றாக அந்த வெறுங்கைக்குள் திரளும். கல்யாண் வருவதற்குள் ஒரு முகம் முடிந்துவிடும். குமாஸ்தா தன் முகத்தைத் தூக்கிக்கொண்டு இறங்கிப் போவார்; அதேபோல் இன்னொன்று அய்யாத்துரையிடம் தங்கிவிட்டது அவருக்குத் தெரியாது.

தாராவியில் குயவர்கள் சூளை போடும் தெருக்கோடியில் அவருடைய கொட்டகை. பகல் முழுக்கச் சூளைப்புகை உள்ளே வந்து தவழும். புகைக்குள் ஈரத்துணி போர்த்திய களிமண் தலைகள், குளித்துவிட்டு வந்து யாருக்கோ காத்திருப்பவர்களைப்போல நிற்கும். திருநெல்வேலிச் சீமையிலிருந்து பதினைந்து வயதில் வந்தவர். பாத்திரப் பட்டறையில் உலை ஊதினார். தானே மண் பிசைந்து, தானே மெழுகு உருக்கிக் கற்றுக்கொண்டார். இந்த 1946இல் வெண்கலத்தில் முகம் வேண்டும் என்பவர்கள் அவரைத் தேடி வருகிறார்கள் என்றால் அது சும்மாவா? "மூணாங் கிளாசுதான் படிச்சேன். ஆனா சேட்டுமாரு வீட்டு நடுக்கூடத்துல நிக்கது எங் கையி, பாத்துக்கிடும்!" என்பார்.

உயிரோடிருப்பவர் என்றால் எதிரே உட்காரவைத்துச் செய்வார். காலமானவர் என்றால் போட்டோதான். போட்டோவில் பின்பக்கம் ஏது? அதற்கும் ஒரு வழி வைத்திருந்தார். இடக்கையால் தன் பிடரியைத் தடவிக்கொண்டே வலக்கையால் மண்ணை வழிப்பார். அப்படி ஏழு பெரிய மனிதர்கள் அய்யாத்துரையின் பின்மண்டையோடு பம்பாயில் நின்றுகொண்டிருந்தார்கள். ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை. அதில் அவருக்கு உள்ளூர ஒரு கிறக்கம்.

எட்டாமவர் ஜகந்நாதன், மாதுங்காவில் வாசகசாலை நடத்தி மறைந்தவர். வாசகசாலைக்காரர்கள் மண் முகத்தைப் பார்த்துத் தலையாட்டிவிட்டார்கள். ஆனாலும் அவர் மனைவி வாலாம்பாள் சரி என்றால்தான் வார்ப்பு, இல்லையென்றால் வேறு ஆளைப் பார்த்துக்கொள்வோம் என்றார்கள். வெண்கலமாகிவிட்டால் அப்புறம் திருத்த முடியாதே!

அந்த அம்மாள் தம்பி பஞ்சுவோடு வந்தாள். அய்யாத்துரை ஈரத்துணியை விலக்கினார்.

"அடடா, அத்திம்பேரே எழுந்து வந்துட்டார்! மூக்கைப் பாரேன் அக்கா!" என்றார் பஞ்சு.

"மூக்கை நான் என்னத்தைக் கண்டேன்? அவர் எதிர நின்னு நிமிர்ந்து பார்த்திருக்கேனா என்ன?" என்று சொல்லிக்கொண்டே அவள் சுற்றி வந்து சிலைக்குப் பின்னால் நின்றாள். வெகுநேரம் நின்றாள்.

"இது யார் தலை?"

அய்யாத்துரையின் பிடரி சில்லிட்டது.

"நன்னாருக்கு போ! பின்பக்கம் சுவரைப் பார்த்துண்டு இருக்கப்போறது. அதை யார் பார்க்கப்போறா?" என்றார் பஞ்சு.

"நான் பார்ப்பேன்டா. முப்பத்திரண்டு வருஷம், சனிக்கிழமை தவறாம எண்ணெய் தேய்ச்சுவிட்ட தலை. இடது காதுக்குப் பின்னாடி ஒரு பள்ளம் இருக்கும். எண்ணெய் போய் அதுல நின்னுக்கும், வழிச்சு வழிச்சு எடுப்பேன். இது அவர் இல்லே. வா, போகலாம்."

அய்யாத்துரை வாயைத் திறந்தார். சேட்டு வீட்டுக் கதையைச் சொல்லத்தான் திறந்தார். வந்ததோ வேறு.

"அம்மா, கொஞ்சம் நில்லுங்க. அந்தப் பள்ளம் எந்த எடத்துல? எவ்வளவு ஆழம்?"

"சொல்லத் தெரியாதுப்பா. கை வச்சாத்தான் தெரியும்."

புகை ஒருமுறை உள்ளே வந்து போனது. அய்யாத்துரை மண் வழிக்கும் கம்பியை எடுத்தார். மண்ணில் இருந்த தன் பிடரியை ஒரே வழிப்பில் வழித்துக் கீழே போட்டார். அந்த இடத்தில் புதுக் களிமண்ணை அப்பித் தண்ணீர் தெளித்து இளக்கினார். பிறகு முன்பக்கம் போய்க் குந்தி உட்கார்ந்து, அந்த அம்மாள் அழுத்தும்போது ஆடாதபடி, பீடத்தை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டார்.