அப்பா வாங்கிய வீட்டின் விலை

அப்பா மறைந்து ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் அவரை நான் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. அவர் ஓசூரில் வீடு வாங்கியது உங்கள் அனைவருக்கும் தெரியும். உங்களில் பெரும்பாலோர் அதன் புதுமனை புகுவிழாவில் விருந்துண்டு சென்றவர்கள். அந்த வீட்டின் விலை என்னவென்று மட்டும், நான் அறிந்தவரையில், ஒருவரும் அவரைக் கேட்டதில்லை. அதைச் சொல்வதற்காக இந்தக் கட்டுரையை எழுதுகிறேன். அம்மாவின் அண்ணனாகிய மாமா அவர்கள் இந்த மலரின் அச்சுச் செலவை ஏற்றுக்கொண்டிருக்கிறார். நல்லவற்றை மட்டும் எழுதுமாறு என்னிடம் சொன்னார். நடந்தவற்றை மட்டும் எழுதியிருக்கிறேன்.

அப்பா கல்லாவியில் பிறந்தார். வீட்டுக்குக் கொஞ்சம் மேட்டு நிலம் இருந்தது. மழை வந்த ஆண்டுகளில் கேழ்வரகு விளைந்தது. வராத ஆண்டுகளில் தாத்தா கூலிக்குப் போனார். அப்பா ஐ.டி.ஐ. முடித்த கையோடு ஓசூருக்கு வந்து, வாகன உதிரிபாகத் தொழிற்சாலை ஒன்றில் ஒப்பந்தத் தொழிலாளியாகச் சேர்ந்தார். ஓர் அறையில் ஆறு பேர் தங்கினார்கள். ஷிப்டு மாறி வருபவர் எழுப்பும்வரைதான் ஒருவருக்குப் பாய். அந்த வாழ்க்கையைப் பற்றி அவர் குறைபட்டு நான் கேட்டதில்லை. பணி நிரந்தரமான பிறகு திருமணம் செய்துகொண்டார். நான் பிறந்து, பள்ளி முடிக்கும்வரை வரிசை வீடுகளில் ஒன்றில் வாடகைக்கு இருந்தோம். வீட்டுக்காரர் சுவரில் ஆணி அடிக்கக் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். முந்தைய குடித்தனக்காரர் அடித்துவிட்டுப் போன இரண்டு ஆணிகளில் ஒன்றில் அப்பாவின் சட்டையும் மற்றொன்றில் நாட்காட்டியும் தொங்கின.

அப்பா குடிக்கமாட்டார். கடன் கேட்டவரிடம் இல்லையென்று சொல்லிவிட்டு, பிறகு அவரைத் தேடிப் போய்க் கொடுத்துவிட்டு வருவார். வேலைக்கு ஒருநாளும் தாமதமாகச் சென்றதில்லை. அவருக்கிருந்த ஒரே குறை, சம்பளம் வாங்கும் ஓசூர் முழுவதற்கும் உள்ளது. இங்கே பைக் வாங்கினாலும், பிரிட்ஜ் வாங்கினாலும், பிள்ளையைக் கல்லூரியில் சேர்த்தாலும் கேட்கப்படும் கேள்வி ஒன்றுதான்: மாசம் எவ்வளவு? சம்பளம் மாதத்தில் வருவதால் எல்லாவற்றையும் மாதத்தால் அளக்கிறோம். மாதத்துக்குள் அடங்கிவிட்ட பொருள் கைக்கு எட்டியதாகவே கருதப்படுகிறது. மொத்தம் எவ்வளவு என்று கேட்பவரை வாங்க வக்கில்லாதவராகப் பார்க்கிறார்கள்.

வீடு வாங்கும் எண்ணம் அப்பாவுக்குத் தானாக வரவில்லை. ஊத்தங்கரையில் ஒரு காதணி விழாப் பந்தியில் அது தொடங்கியது. இலையில் சோறு விழுந்துகொண்டிருந்தபோது எதிர்வரிசையிலிருந்து மாமா உரக்கக் கேட்டார்.

“ஏன் மாப்ள, இன்னும் எத்தினி வருசம் அடுத்தவன் ஊட்டு ஆணியிலயே சட்டைய மாட்டிக்கினு இருப்பீங்க?”

பந்தி சிரித்தது. அப்பாவும் சிரித்தார்.

“சிரிக்கறீங்க. நாளைக்கு உங்க பொண்ணப் பாக்க வர்றவன் ஊட்டுக்காரன் கேட்டுக்கு முன்னாடியா செருப்பக் கழட்டுவான்?”

அப்பா மோருக்குக் காத்திராமல் எழுந்து கை கழுவினார். அன்று பேருந்தில் திரும்பும்போது அம்மாவிடம் அவர் பேசியது ஒரே வாக்கியம்தான். “கல்லாவி நெலத்துல என் பங்கக் கேட்டுப் பாக்கறேன்.”

வங்கிகளின் வட்டி குறைந்திருந்த சமயம் அது. நிலப் பங்கு விற்ற பணம் முன்பணத்துக்குப் போதாததால் அம்மாவின் நகைகளும் போயின. தளி சாலையை ஒட்டிய புதிய மனைப்பிரிவில், ஒரே மாதிரியான வீடுகளின் வரிசையில், கடைசி வீடு எங்களுக்கு அமைந்தது. மிச்சத் தொகைக்குப் பதினைந்து ஆண்டு வீட்டுக்கடன். கையெழுத்திடும் நாளில் அப்பா, அம்மா, மாமா, நான் நால்வரும் வங்கிக்குச் சென்றோம். எல்லாம் முடியும் தறுவாயில் கடன் பிரிவு அதிகாரியான பெண்மணி மற்றொரு தாளை எடுத்தார்.

“சார், லோனுக்கு ஒரு இன்சூரன்ஸ் போட்டுக்குங்க. உங்களுக்கு ஏதாவது ஆச்சுன்னா மீதிக் கடன் மொத்தத்தையும் கம்பெனி கட்டிரும். வீடு குடும்பத்துக்கு நிக்கும்.”

“மாசம் எவ்வளவு ஏறும் மேடம்?” என்று அப்பா கேட்டார்.

அவர் சொன்ன தொகை ஒரு சமையல் எரிவாயு உருளையின் விலையைவிடக் குறைவு. அப்பா யோசித்தார். மாமா யோசிக்கவில்லை.

“நல்ல காரியத்துக்கு வந்த எடத்துல சாவப் பத்திப் பேசறாங்க பாரு. வேணாம் மாப்ள, அபசகுனம். மொத தவண கட்டறதுக்கு முன்னாடியே உங்களப் படுக்க வெச்சிருவாங்க போல.”

“இல்லீங்க சார், இது எல்லாருக்கும் சொல்றதுதான்…” என்று அதிகாரி தொடங்கினார்.

“வேணாங்க மேடம்,” என்றார் அப்பா, அவரைப் புண்படுத்திவிட்டவர்போலக் குரலைத் தாழ்த்தி. அதிகாரி அந்தத் தாளை மேசை இழுப்பறையில் திருப்பி வைத்தார்.

புதுமனை புகுவிழாவை நீங்கள் மறந்திருக்கமாட்டீர்கள். முதலில் உள்ளே போகவேண்டிய பசு, டைல்ஸ் தரையில் கால் வைக்க மறுத்து வாசலிலேயே நின்றது. கோணிப்பைகளை விரித்து இழுத்துப் பார்த்தோம். “மாட்டுக்கே தெரிஞ்சிபோச்சு, இது பேங்க்காரன் ஊடுன்னு!” என்று பந்தலிலிருந்து ஒருவர் சொன்னார். அவர் யாரென்று எழுதப் போவதில்லை, அவருக்குத் தெரியும். எல்லோரையும்விட உரக்கச் சிரித்தவர் அப்பா. விருந்தினர் போன பிறகு அவர் செய்த முதல் வேலை, சுத்தியலை எடுத்து ஒவ்வொரு அறையிலும் ஆணி அடித்ததுதான். மாட்டுவதற்கு எங்களிடம் அத்தனை பொருள்கள் இல்லை. ஆனாலும் அடித்தார். தொழிற்சாலை நண்பர்கள் அன்றுமுதல் அவரை ‘ஓனர்’ என்று அழைத்தார்கள்.

அடுத்த ஆண்டே வட்டி ஏறத் தொடங்கியது. வங்கி இரண்டு வழிகளைச் சொன்னது: மாதத் தவணையை உயர்த்திக்கொள்ளலாம், அல்லது தவணையை அப்படியே வைத்துக் காலத்தை நீட்டிக்கொள்ளலாம். அன்று மாலை அப்பா மைசூர்பாகுப் பெட்டியோடு வீட்டுக்கு வந்தார்.

“வட்டி ஏறிப்போச்சு. ஆனா நம்ம தவண ஒத்த ரூபா ஏறல!”

அம்மா பெட்டியைத் திறக்கவில்லை. “அப்ப ஏறுன வட்டிய யாருங்க கட்டறது?”

“நாமதான். இப்ப இல்ல, கடைசியில.”

“கடைசின்னா?”

“நான் ரிட்டயர் ஆவற வரைக்கும் நீட்டிக் குடுத்துட்டாங்க. அதுவரைக்கும் வேல இருக்குதில்ல, அப்புறம் என்ன? இனிப்ப எடு.”

நாங்கள் இனிப்பைச் சாப்பிட்டோம். அவருடைய தவணை முன்புபோலவே, அதே தேதியில், அதே தொகையாகச் சம்பளக் கணக்கிலிருந்து பிடிக்கப்பட்டது. அதில் அசலுக்குப் போன சிறு பகுதி இன்னும் சிறுத்து, பெரும்பகுதி வட்டிக்கே போகத் தொடங்கியதை அந்தத் தொகையைப் பார்த்து ஒருவரும் கண்டுபிடிக்க முடியாது. மாதம் மாறவில்லை, ஆகவே எதுவும் மாறவில்லை என்று அப்பா நம்பினார். நம்பியதோடு நிற்கவுமில்லை. நிறுவனப் பேருந்தில் வீட்டுக்கடன் வாங்கிய மற்றவர்களுக்கும் இதையே உபதேசித்தார். “தவணைய ஏத்த விடாதீங்க. காலத்த நீட்டிக்கங்க.” அவர் பேச்சைக் கேட்டுக் கையெழுத்திட்டவர்கள் இந்த மலரை இப்போது வாசித்துக்கொண்டிருக்கலாம். அவர்கள் ஒருமுறை வங்கிக்குப் போய், மொத்தம் எவ்வளவு என்று கேட்பது நல்லது.

ஆண்டுதோறும் வந்த போனஸை அசலில் போட்டால் கடன் விரைவில் குறையும் என்று அதே அதிகாரி அப்பாவிடம் சொல்லியிருந்தார். அப்பாவும் போடத்தான் நினைத்தார். ஆனால் சொந்த வீட்டுக்காரர் வைக்கும் மொய், வாடகை வீட்டுக்காரராக இருந்தபோது வைத்ததைவிடக் கூடுதலாக இருக்க வேண்டும் என்று நம் உறவில் எதிர்பார்க்கப்படுகிறது. கல்லாவியிலும் ஊத்தங்கரையிலும் கிருஷ்ணகிரியிலும் உங்கள் வீட்டு விழாக்களில் அப்பா அந்த எதிர்பார்ப்பைக் குறைவின்றி நிறைவேற்றினார். பெங்களூருக்கு நேர்முகத் தேர்வுக்கும் மருத்துவத்துக்கும் போகிறவர்கள் எங்கள் வீட்டில் தங்கினீர்கள். உள்ளறை உங்களுக்கு. இரவு ஷிப்டு முடித்து வந்த அப்பா, நீங்கள் தொலைக்காட்சி பார்த்துக்கொண்டிருந்த கூடத்தின் ஓரத்தில், முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டு தூங்கினார். இதை நான் திருப்பிக் கேட்பதற்காக எழுதவில்லை. திருப்பித் தரக்கூடியதாக இதில் எதுவும் இல்லை.

வட்டி மீண்டும் ஏறியபோது அப்பா மறுபடியும் காலத்தை நீட்டச் சொல்லிக் கேட்கப் போனார்.

“இதுக்கு மேல நீட்டுனா உங்க ரிட்டயர்மென்ட்டத் தாண்டிரும் சார். இனிமே தவணையத்தான் ஏத்தணும்.”

அன்று அவர் இனிப்பு வாங்கி வரவில்லை. ஏறிய தொகைக்காக ஓவர்டைம் கேட்டு வாங்கினார். வார்ப்புப் பகுதியின் வெக்கையில் ஒரு ஷிப்டு முடிந்து அடுத்ததற்கும் நின்றார். இடது தோள் வலிப்பதாகச் சொன்னபோது அம்மா மருத்துவரிடம் போகச் சொன்னார். “இந்த மாசம் கழியட்டும்,” என்றார். அந்தப் பதிலை அம்மா பல மாதங்கள் கேட்டார்.

அப்பா இறந்தது ஒரு காலைப் பொழுதில், இரவு ஷிப்டு முடிந்து திரும்பும் வழியில், நிறுவனப் பேருந்தின் சன்னலோர இருக்கையில். உடன் வந்த நண்பர் பிறகு வந்து அழுதுகொண்டே சொன்னதை அப்படியே எழுதுகிறேன். எங்கள் மனைப்பிரிவின் நிறுத்தத்தில் பேருந்து நின்றது. அப்பா எழவில்லை. தூங்குகிறார் என்று நினைத்தார்கள். அத்திப்பள்ளிக்காரரான ஓட்டுநர் கண்ணாடியில் பார்த்து, வீடு வந்துவிட்டது என்று கன்னடத்தில் கூவினார்: “ஓனரே, மனெ பந்த்து!” பின்னிருக்கையிலிருந்து ஒருவர், “சொந்த ஊடு எங்கயும் ஓடிப்போவாதுன்னு தைரியமாத் தூங்கறாரு பாருய்யா,” என்றார். பேருந்தில் சிரிப்பு எழுந்தது. நண்பர் சிரித்துக்கொண்டேதான் அப்பாவின் தோளைத் தொட்டிருக்கிறார். ஓட்டுநர் அங்கிருந்து நேரே மருத்துவமனைக்கு வண்டியை விட்டார். எங்கள் வாசலிலிருந்து பார்த்தால் அந்த நிறுத்தம் தெரியும். பேருந்து நின்று, ஆளை இறக்காமல் திரும்பிப் போனதை அம்மா பார்த்திருக்கிறார்.

தொழிற்சாலை தந்த தொகை சடங்குகளுக்கும் சில மாதத் தவணைகளுக்கும் வந்தது. அது தீரும் தறுவாயில் அம்மாவும் நானும் வங்கிக்குப் போனோம். அதே அதிகாரிதான் இருந்தார். அப்பா நான்கு ஆண்டுகள் ஒரு தவணையும் தவறாமல் கட்டியிருக்கிறாரே, கடனில் எவ்வளவு குறைந்திருக்கிறது என்று கேட்டேன். கணினித் திரையை எங்கள் பக்கம் திருப்பினார்.

“பத்துல ஒரு பங்குதாம்மா கொறஞ்சிருக்கு. கட்டுனதுல முக்கால்வாசி வட்டிக்கே போயிருச்சு.” திரையைத் தம் பக்கம் திருப்பிக்கொண்டு, “அன்னிக்கு அந்த இன்சூரன்ஸ்…” என்று தொடங்கி, அம்மாவின் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

அப்பாவை யாரும் ஏமாற்றவில்லை என்பதை இங்கே குறிப்பிடக் கடமைப்பட்டிருக்கிறேன். அவர் கேட்ட ஒவ்வொரு கேள்விக்கும் வங்கி சரியான பதிலையே சொன்னது. அவர் கேட்டது ஒரே கேள்வி.

வீட்டை விற்பது என்று முடிவானபோது மாமா முன்வந்தார். அவசரமாக விற்பதால் வாங்கிய விலைக்குக் கீழேதான் வெளியார் கேட்டார்கள்; அதே விலையைத்தான் அவரும் தந்தார், மேலும் குறைக்கவில்லை. எங்கள் கடனை அடைத்தது போக, நிலமும் நகையும் விற்றுப் போட்ட முன்பணத்தில் பாதிக்குச் சற்று மேல் கையில் நின்றது. மாமா அதே வங்கியில் தம் பெயரில் கடன் எடுத்தார். கையெழுத்திடும் நாளில் அதிகாரி அந்த மற்றொரு தாளையும் எடுத்து நீட்டினார். மாமா அதில் கையெழுத்திட்டார். சகுனத்தைப் பற்றி அன்று பேச்செழவில்லை. பின்கட்டில் உள்ள அறையும் சமையலறையும் எங்களுக்கு என்று ஏற்பாடாயிற்று.

“மாசம் எவ்வளவுண்ணா தரணும்?” என்று அம்மா கேட்டார். மாமா சொன்னார். மாதம் பிறந்ததும் கொடுத்து வருகிறோம்.

நன்றி சொல்ல வேண்டியவர்கள் சிலர் இருக்கிறார்கள். காலை ஷிப்டு ஆட்களை ஏற்றத் தாமதமாவதைப் பொருட்படுத்தாமல் பேருந்தைத் திருப்பிய ஓட்டுநருக்கும், அப்பாவைத் தோளில் சுமந்த தொழிற்சாலை நண்பர்களுக்கும் நாங்கள் கடமைப்பட்டிருக்கிறோம். கேட்காததையும் ஒருமுறை சொல்ல முயன்ற வங்கி அதிகாரிக்கு நன்றி. இந்த மலரை அச்சிட்டுத் தந்த மாமா அவர்களுக்கு நன்றி. கட்டுரையைப் படித்துப் பார்க்கத் தரட்டுமா என்று கேட்டேன். எத்தனை பக்கம் வரும் என்று மட்டும் விசாரித்தார்.

முதலாமாண்டு நினைவு வழிபாடு மாமா அவர்களின் இல்லத்தில் நடைபெறும். வழி உங்களுக்குத் தெரியும்; புதுமனை புகுவிழாவுக்கு வந்த அதே வீடு. வாங்கியதும் மாமா சுவர்களுக்குப் புது வண்ணம் பூசினார். அதற்குமுன் அப்பா அடித்த ஆணிகள் பிடுங்கப்பட்டு, துளைகள் பட்டி வைத்து அடைக்கப்பட்டன. சென்ற வாரம் கூடத்தில் அப்பாவின் படத்தை மாட்ட ஓர் ஆணி அடித்துக்கொள்ளலாமா என்று அம்மா அவரிடம் அனுமதி கேட்டார்.

“செவுத்துல வேணாம்மா, பெயின்ட் பேந்துரும். ஒரு நாற்காலி போட்டு வெச்சிக்கலாம்.”

ஆகவே படம் நாற்காலியில் இருக்கும். வருகிறவர்கள் அதில் மட்டும் அமராதிருக்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.