ஊத்துப்பட்டி ஊர் மாறிய கதை

1. குடத்தோடு வந்தவர்கள்

தேவாரம் பக்கம் வருவாய் ஆய்வாளராக, சுருக்கமாகச் சொன்னால் ஆர்.ஐ.யாக, நான் பொறுப்பேற்ற அன்று நாற்காலியில் சரியாக உட்காரக்கூட விடவில்லை. ஊத்துப்பட்டிப் பெண்கள் வெறுங்குடத்தோடு வந்து ஆபீஸ் வாசலை மறித்துவிட்டார்கள். முன்னால் நின்றவள் பெயர் செல்வி. விடிகாலையில் ஜீப் ஏறிக் கேரளத்து ஏலக்காய்த் தோட்டத்துக்கு வேலைக்குப் போகிறவள். அன்று கூலியை விட்டுவிட்டு வந்திருந்தாள்.

“அம்மா, கரட்டூர்த் தண்ணித் தொட்டி எங்க வாசல்ல நின்னா தெரியுது. அங்கன போய்க் குடத்த வச்சா, ‘நீங்க மேலக்குளத்துக்காரக, உங்க ஊர்ல போய்ப் பிடிங்க’ன்னு வெரட்டுறாக. மேலக்குளத்துக்கு நாங்க பஸ் ஏறணும். தண்ணி பிடிக்க பஸ்ஸுல போற ஊரு இந்தச் சில்லாவுலயே எங்க ஊரு ஒண்ணுதான்.”

எனக்குச் சிரிப்பு வந்தது. அவள் சிரிக்கவில்லை, அதனால் நானும் அடக்கிக்கொண்டேன்.

மேலக்குளம் ஊராட்சி குழாய் போடாமல் இல்லை. போட்டார்கள். ஊத்துப்பட்டிக்கு வந்து சேர்வதற்குள் அதில் காற்றுதான் மிச்சம். எங்களைக் கரட்டூரோடு சேர்த்துவிடுங்கள் என்பதுதான் மனு. நியாயமான மனு. சீக்கிரம் அறிக்கை அனுப்புகிறேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

2. வெள்ளைக்காரன் தலையில் போட்ட பழி

பக்கத்தில் இருக்கும் ஊரை விட்டுவிட்டு எட்டாத ஊரோடு ஊத்துப்பட்டியைச் சேர்த்தது யார் என்று ஆபீஸில் கேட்டேன். “வெள்ளைக்காரன் பிராந்தி அடிச்சிட்டு இழுத்த கோடும்மா” என்றார் உதவியாளர். பெரியகுளத்தில் வேலை பார்த்தபோதும் இதையே கேட்டிருக்கிறேன். நம் ஆபீஸ்களில் எதற்கு விடை தெரியவில்லையோ, அதையெல்லாம் வெள்ளைக்காரன் குடித்த கணக்கில் எழுதிவிடுவோம்.

தாலுகா, பிர்க்கா, தாசில்தார், ஜமாபந்தி என்று நாம் தினமும் சொல்கிற வார்த்தைகள் எதுவும் வெள்ளைக்காரன் கொண்டுவந்ததல்ல. அவனுக்கு முன்னால் ஆண்டவர்கள் விட்டுப்போனதை அப்படியே எடுத்துக்கொண்டான். அவன் செய்தது, சங்கிலி பிடித்து அளந்து, எல்லைக்கு எல்லை கல் நட்டது. எதற்காக? நம் மேல் பாசத்தாலா? தீர்வை வசூலிக்கத்தான். எந்த நிலத்துத் தீர்வையை எந்த ஊர்க் கணக்குப்பிள்ளை வாங்கித் தர வேண்டும் என்று அவனுக்குத் தெரிய வேண்டியிருந்தது. அதுதான் வருவாய்க் கிராமம். பின்னால் ஓட்டுப்போட்டு ஆளும் ஊராட்சி வந்தபோது, எங்கள் பக்கத்தில் அதுவும் அதே கல்லைப் பிடித்துக்கொண்டது.

சரி, அந்தக் கோட்டை நடந்தே பார்த்துவிடலாம் என்று என் பொறுப்பில் இருந்த பிர்க்காவின் சர்வேயரைக் கூட்டிக்கொண்டு கிளம்பினேன். மனிதர் மூட்டுவலிக்காரர். வழியெல்லாம் என்னைத் திட்டவும் முடியாமல், திட்டாமல் இருக்கவும் முடியாமல் வந்தார். மேலக்குளம் கண்மாய்க் கரையில் ஆரம்பித்தோம். கொஞ்ச தூரத்திலேயே எனக்குப் பொறி தட்டியது. கற்கள் எல்லாம் ஒரு பழைய வாய்க்காலின் கரையிலேயே நின்றன. வாய்க்கால் வளைந்தால் எல்லையும் வளைகிறது. கரட்டூர்க் காடுகளைச் சுற்றிக்கொண்டு, ஊத்துப்பட்டி வயலில் போய் வாய்க்கால் முடிகிறது. எல்லையும் அங்கே முடிகிறது.

ஆக, கோடு போட்டவன் குடிக்கவில்லை. மேலக்குளத்துத் தண்ணீர் எதுவரை பாய்ந்ததோ அதுவரை மேலக்குளம் என்று எழுதிவிட்டுப் போயிருக்கிறான். அந்தத் தண்ணீரைப் பங்கு போட்டது அவனும் அல்ல. இங்கே இருந்தவர்கள் ஏற்கெனவே போட்டு வைத்திருந்தார்கள்.

“இப்ப ஊத்துப்பட்டியில யாரும்மா நெல்லு போடுறாக? எல்லாம் போர்வெல்லு, தென்னைதான்” என்றார் சர்வேயர், முழங்காலைத் தேய்த்துக்கொண்டே. எனக்கும் அப்படித்தான் பட்டது. காரணம் செத்துப்போன கோடு, அழித்துவிடலாம் என்று நினைத்தேன்.

3. ஒப்பாத ஒருத்தி

ஊத்துப்பட்டியில் வீடு வீடாக வாக்குமூலம் வாங்கினோம். எல்லோரும் கையெழுத்தோ கைநாட்டோ வைத்துவிட்டார்கள். ஒரே ஒரு ஆள் வைக்கவில்லை. செல்வியின் அம்மா விருமாயி.

செல்விக்கு அவமானம் தாங்கவில்லை. “ஊரையே கூட்டிட்டு வந்தது நானு. எங்க ஆத்தாளே ஒப்பலன்னா என்னயத்தான ஏசுவாக” என்று என்னிடம் அழுதாள்.

ஒரு ஆட்சேபணை இருந்தால் கோப்பு என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். மேலே போகும், விளக்கம் கேட்டுக் கீழே வரும், மறுபடி மேலே போகும். அதற்குள் இந்தப் பெண்கள் கிழவிகளாகிவிடுவார்கள். எரிச்சலோடுதான் விருமாயி வீட்டுக்குப் போனேன்.

அவள் வயலில் இருந்தாள். ஊத்துப்பட்டியில் இன்னும் நெல் போடுகிற கடைசி ஆள். போர் போட வசதி இல்லை. புருசன் விட்டுப்போன துண்டு நஞ்சை, மேலக்குளம் வாய்க்காலின் ஆகக் கடைசி வயல். அந்த நெல்தான் அவளுக்குச் சாப்பாடு.

“ஊர் மாறுனாலும் உன் வயலுக்குத் தண்ணி பாயுற உரிமை போகாது ஆத்தா. சட்டப்படி ஒண்ணும் ஆகாது” என்றேன்.

“சட்டம் வந்து மடையத் தொறக்குமா தாயி?”

பிறகு அவளே விளக்கினாள். மேலக்குளம் கண்மாயில் ஒரு வழக்கம் உண்டு. வருசாவருசம் முதல் தண்ணீர் விடும் நாளில் கடைசி வயல்காரர்தான் தேங்காய் உடைத்து மடையைத் திறக்க வேண்டும். முதல் வயல்காரர் திறந்தால் கடைசி வயலை மறந்துவிடுவார் என்று யாரோ ஒரு புண்ணியவான் யோசித்து வைத்த ஏற்பாடு. புருசன் போன பிறகு விருமாயிதான் திறக்கிறாள்.

“மேலக்குளத்துக்காரியா இருக்கவாசி மடையில கை வைக்க விடுறாக. நாளைக்கு நான் வேத்தூருக்காரி. வேத்தூருக்காரி தொட்டா ஒப்புவாகளா? மடையத் தொடாதவளுக்குத் தண்ணி எங்கன இருந்து வரும்?”

காரணம் செத்துவிட்டது என்று நினைத்தேனே, அது சேற்றில் கால் வைத்து என் முன்னால் நின்றது. அன்று சாயங்காலம் அறிக்கை எழுதப் பிடிக்கவில்லை. மகளுக்குக் குடிக்கத் தண்ணீர் கொடுத்தால் அம்மாவின் வயல் காய வேண்டும் என்றால், நான் எந்தப் பக்கம் எழுதுவது?

4. விசாரணை

இரண்டு ஊர்க்காரர்களையும் கரட்டூர்ப் பள்ளிக்கூடத்துக்கு வரச்சொன்னேன். மேலக்குளம் கண்மாய்ச் சங்கத் தலைவர் சின்னச்சாமி கோபமாக வந்தார். “எங்க ஊர விட்டுப் போறோம்னு எழுதிக் குடுத்தவுகளுக்கு நாங்க என்னத்தப் பேச?” என்று எடுத்த எடுப்பிலேயே எகிறினார்.

நான் சுற்றி வளைக்கவில்லை. “ஐயா, ஊத்துப்பட்டி கரட்டூரோட சேர்ந்தா விருமாயி வயலுக்குத் தண்ணி விடுவீங்களா, மாட்டீங்களா? அத மட்டும் சொல்லுங்க.”

அவர் தன் ஆட்களோடு வேப்பமரத்தடிக்குப் போனார். அங்கே சத்தம் ஏறி ஏறி இறங்கியது. திரும்பி வந்தவர் என்னைப் பார்க்கவில்லை, விருமாயியைப் பார்த்துப் பேசினார்.

“அரசாங்கம் ஊர எங்கன வேணாலும் எழுதிக்கிடட்டும். கடைமடை ஆளு வராம நாங்க என்னைக்கும் மடையத் தொறந்ததில்ல. இனியும் தொறக்க மாட்டோம்.”

“தண்ணி கொறஞ்ச வருசம்?” என்றாள் விருமாயி.

“அன்னைக்கும்தான்.”

விருமாயி எழுந்து வந்து மைப்பெட்டியில் பெருவிரலை அழுத்தினாள். “உங்க பேச்ச நம்பி வைக்கலய்யா. கொடம் சொமந்து தேஞ்ச எம்மக இடுப்பப் பாத்து வைக்கிறேன்.”

செல்வி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். பாசன உரிமை பழையபடியே தொடர வேண்டும் என்று அறிக்கையில் அழுத்தமாக எழுதினேன். ஆனால் மடையைத் திறக்கப் போவது என் அறிக்கை அல்ல என்று எனக்கும் தெரியும்.

5. அரைக் கண்மாய்

உத்தரவு வந்தது. ஊத்துப்பட்டிக்குக் கரட்டூர்க் குழாய் வந்தது. நான் ஓய்வு பெற்றேன். அந்த வருசம் மழை ஏமாற்றிவிட்டது. கண்மாய் பாதிகூட நிறையவில்லை. சின்னச்சாமி நோயில் படுத்துவிட்டார் என்றும் கேள்விப்பட்டேன். மடை திறக்கும் நாளைச் செல்வி போனில் சொன்னாள். மனசு கேட்கவில்லை, பஸ் ஏறிப் போனேன்.

கரையில் மேலக்குளத்து ஆட்கள் கூடியிருந்தார்கள். சின்னச்சாமியின் மகன் முன்னால் நின்றான். விருமாயி தேங்காயோடு வந்தாள். வந்தவள் மடைக்குப் போகாமல் தள்ளியே நின்றுவிட்டாள். கூப்பிடாத இடத்துக்குப் போகக்கூடாது என்கிற ரோசம். மேலக்குளத்தார் யாரும் கூப்பிடவில்லை. “அதான் கரட்டூருக்குப் போயிட்டாகல்ல” என்று கூட்டத்துக்குள் யாரோ முனகினார்கள். சின்னச்சாமி மகன் தரையைப் பார்த்தான். எனக்குப் பதவியும் இல்லை, என்ன சொல்லி யாரை அதட்டுவது?

அப்போது முதல் வயல்காரர் கத்தினார். மடைக்கு ஒட்டின வயல் அவருடையது. தண்ணீர் குறைந்த வருசத்தில் அவரை நினைத்துத்தான் நான் பயந்துகொண்டிருந்தேன்.

“ஏ ஆத்தா! அங்கன என்ன வேடிக்க பாத்துட்டு நிக்கிற? என் நாத்து காயுது. வந்து தொற!”

அவர் பெரிய மனசு பண்ணிச் சொல்லவில்லை. நாற்று காய்கிற அவசரத்தில் சொன்னார். கடைமடைக்காரி திறக்காமல் தண்ணீர் வரும் என்று அவருக்குத் தோன்றவே இல்லை.

விருமாயி இறங்கிப் போனாள்.

இன்றைக்கும் ஒன்றியத்தைப் பிரிப்பதும் ஊராட்சியை நகராட்சியோடு சேர்ப்பதும் நடந்துகொண்டுதான் இருக்கிறது. அந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது இதுதான். மனு கொடுக்கக் கூட்டமாக வருகிறவர்கள் உங்களைத் தேடி வருவார்கள். கையெழுத்துப் போடாத ஆளைத் தேடி நீங்கள்தான் போக வேண்டும். போய்க் கேட்டுவிட்டு, பிறகு கோடு போடுங்கள்.