காதுமடலில் ஒட்டிய வெள்ளி

கோர்ட்டு வராந்தாவில் வெயில் தண்ணீரைப் போல மெல்ல ஏறி வந்தது. மர பெஞ்சின் ஒரு முனையில் பொன்மணி. மறுமுனையில் முனியராஜ். மூன்று வருடம் முன்பு பட்டாசு சீசன் வேலைக்கென்று நாரணாபுரத்திலிருந்து சாத்தூர்ப் பக்கம் போய், மனைவியையும் மகள் இசைவாணியையும் விட்டுவிட்டு அங்கேயே தங்கிவிட்டவன். ஜீவனாம்சம் கேட்டு அவள் போட்ட வழக்கில் இன்று விசாரணை.

தனக்கு வேலையே இல்லை என்று அவன் எழுதிக் கொடுத்திருந்தான்.

"வேலை இல்லாட்டியும் ஒடம்பு நல்லாருக்க புருசன் குடுக்கத்தான் வேணும்," என்று வக்கீல் அருணாதேவி சொல்லியிருந்தார். "ஆனா சம்பாத்தியம் இல்லன்னு கோர்ட்டு நம்பிட்டா, தொகை ரொம்பக் கொறஞ்சுரும். பாப்பா படிப்புக்கே காணாது."

"அம்புட்டும் பொய்க்கா."

"அத யாரு காட்டுறது?"

பொன்மணியிடம் காட்ட ஒன்றுமில்லை.

முனியராஜ் உட்கார்ந்தபடியே தூங்கிப்போனான். தலை சுவரில் சரிந்தது. வெயில் அவன் கழுத்தைத் தொட்டு, காதுக்குப் பின்னால் போனது. அங்கே ஏதோ மினுங்கியது. விடிந்த பின்னும் போக மறந்த ஒரு துண்டு நிலா.

அலுமினியப் பொடி. வெடிக்கு மருந்து அடைக்கிறவர்கள் மாலையில் வெள்ளிச் சிலைகளாகத்தான் வீடு திரும்புவார்கள். கையையும் முகத்தையும் தானே தேய்த்துக்கொள்ளலாம். காதுமடலின் பின்மடிப்புக்கு மட்டும் இன்னொருவர் வேண்டும். ஏழு வருடம் அது பொன்மணியின் வேலை. தேங்காயெண்ணெயில் துணியை நனைத்துத் துடைக்கத் துடைக்க, வெள்ளி கறுப்பாகி இறங்கும். பாதியிலேயே அவன் இப்படித் தூங்கிவிடுவான்.

அவன் கைகளைப் பார்த்தாள். தேய்த்துத் தேய்த்துச் சிவந்து, சுத்தமாக இருந்தன.

அவளுடைய விரல்கள் தாமாகவே முந்தானை நுனியைச் சுருட்டின. ஒரு முழம் எட்டினால் போதும். பெஞ்சும் வராந்தாவும் வழக்கும் எங்கோ தூரத்தில் மிதந்தன.

உள்ளே பெயரைக் கூப்பிட்டார்கள். முந்தானையை உதறிவிட்டு எழுந்தாள்.

"ரெண்டு வருசமா எந்தக் கம்பெனி வாசலையும் மிதிக்கலங்கய்யா," என்றான் முனியராஜ்.

நீதிபதி பொன்மணியைப் பார்த்தார். "நீங்க ஏதும் சொல்லணுமாம்மா?"

"அவுக காதுக்குப் பின்னால பாருங்கய்யா. மருந்துப் பொடி இருக்கு. ரெண்டு வருசத்துக்கு அது நிக்காது. நேத்து அடைச்சது."

யாரும் எட்டிப் பார்க்கும் முன்னே அவன் கை காதுக்குப் போய்விட்டது. எடுத்த விரல்நுனி பளபளத்தது. பின்னால் யாரோ சிரித்தார்கள்.

"எந்தக் கம்பெனி?"

இரண்டாம் முறை கேட்டபோது பெயரைச் சொன்னான். சம்பள விவரத்தை அந்தக் கம்பெனியிடமே கேட்டு வாங்க உத்தரவிட்ட நீதிபதி, அதுவரை மகள் படிப்புக்கும் சேர்த்து மாதாமாதம் கொடுக்க ஓர் இடைக்காலத் தொகையையும் எழுதினார்.

வெளியே வந்ததும் முனியராஜ் பின்னாலேயே வந்தான். கோபத்தைவிட ஆச்சரியம்தான் அவன் முகத்தில்.

"ஏ புள்ள, மண்ணப் போட்டுத் தேச்சுல்ல குளிச்சேன்? எப்பிடி விட்டுப்போச்சு?"

"அது ஒத்தையாளுக்கு எட்டாத எடம். அங்கன தொடச்சுவிட ஆளில்லையாக்கும்?"

அவன் தோள்துண்டை எடுத்துத் துடைத்துக்கொண்டான். இடம் தப்பிக்கொண்டே இருந்தது. இன்னும் கொஞ்சம் மேலே என்று அவளுக்கு வாய்வரை வந்தது.

மத்தியானத்துக்குள் போய்விட்டால் அரை நாள் வேலை கிடைக்கும். பஸ் ஸ்டாண்டைப் பார்த்து நடந்தாள்.